கடலுக்குள் ஒரு வண்ணத்துப்பூச்சி

நிலாவெளிக் கடற்கரையில் படகேறினால் புறாத்தீவை அடைவதற்குக் கால்மணி நேரமும் செல்லாது. ஆவணி மாதத்தில் அந்தக் கீழைக் கடல் குளத்து நீர்போல் அமைதியாகக் கிடக்கும். அத்தகைய ஒரு நாட் காலையில், பள்ளி விடுமுறைக்கு எம்மிடம் வந்திருந்த பேத்தியை அழைத்துக்கொண்டு நாம் அத்தீவுக்குச் சென்றிருந்தோம். அவளுக்கு வயது ஒன்பது. நன்றாக நீந்துவாள், அதைவிட நன்றாகப் பேசுவாள்.

முகக்கண்ணாடியையும் மூச்சுக்குழாயையும் மாட்டிக்கொண்டு, மார்பளவு நீரில் முகத்தைக் கவிழ்த்தவள், அரை நிமிடம் செல்வதற்குள் தலையை வெளியே நீட்டி, "அம்மப்பா! கடலுக்குள்ள வண்ணாத்திப்பூச்சி பறக்குது!" என்று கூவினாள்.

நாமும் முகத்தைக் கவிழ்த்துப் பார்த்தோம். கிளைவிட்டுப் படர்ந்திருந்த முருகைக்கல் ஒன்றின் மேல், உள்ளங்கை அகலமுள்ள இரண்டு மீன்கள் ஒன்றையொன்று தொடர்ந்து சென்றுகொண்டிருந்தன. தட்டையான வட்ட உடல். மாம்பழ மஞ்சள் நிறம். தலைமுதல் வால்வரை ஊதா நிறத்தில் மெல்லிய கோடுகள். கண்ணை மறைத்துக்கொண்டு மேலிருந்து கீழாக ஒரு கறுப்புப் பட்டை. காற்றில் மிதக்கும் பூச்சியைப் போலவே, ஓரிடத்திலும் தரியாமல், ஆனால் அவசரமும் இல்லாமல், அவை கல்லுக்குக் கல் தாவின.

"அது பூச்சியில்லை, பிள்ளை, மீன். ஆனால் அதன் பெயரும் வண்ணத்துப்பூச்சி மீன்தான்" என்றோம்.

அவள் சற்று யோசித்தாள். "அப்படியெண்டால் சின்னனில அது மயிர்க்கொட்டியாய் இருந்ததோ? இப்ப என்னத்தைத் தின்னும்? தேனோ?"

படகுக்காரத் தம்பி வாய்விட்டுச் சிரித்தார். நாமும் சிரித்தோம். வீடு திரும்பிய பின், எம்மிடமிருந்த மீன் நூல்களைப் புரட்டியபோதுதான் அக்கேள்விகள் இரண்டும் சிரிக்கத்தக்கவை அல்ல என்பது விளங்கிற்று. முக்கியமாக இரண்டாவது கேள்விக்கு விடை தெரியாமல் நாம் ஒருகாலத்தில் செய்த பிழையொன்று நினைவுக்கு வந்து உறுத்தியது. அதனைப் பின்னர் கூறுவோம்.

வண்ணத்துப்பூச்சி மீன் என்பது ஓர் இனத்தின் பெயரன்று. ஒரு குடும்பத்தின் பெயர். உலகின் வெப்பக் கடல்களில் இக்குடும்பத்தைச் சேர்ந்த ஏறக்குறைய 130 இனங்கள் வாழ்கின்றன. பெரும்பாலானவை 5 முதல் 9 அங்குல நீளமுள்ளவை. மிகப் பெரியவை ஓர் அடி வரை வளரும். இலங்கையைச் சூழ்ந்த கடலில் பல இனங்களைக் காணலாம். முதுகுத் துடுப்பிலிருந்து நூலிழையொன்று பின்னோக்கி நீண்டிருக்கும் ஒன்று உண்டு. கழுத்தில் வெள்ளைப் பட்டி கட்டியதுபோல் தோற்றும் கபில நிற மீன் ஒன்று உண்டு. வெள்ளையும் கறுப்புமாய் உடலும், முதுகில் கொடியொன்றை ஏந்தியதுபோல் நீண்ட வெண்துடுப்பும் கொண்ட மற்றொன்றும் உண்டு. நாம் புறாத்தீவில் கண்ட மஞ்சள் மீன் இந்துசமுத்திரத்துக்கே உரியது.

இவற்றுட் பலவற்றுக்குக் கண்ணின்மேல் கறுப்புப் பட்டை இருப்பதையும், சிலவற்றுக்கு வாலின் அருகே கண்போன்ற கரும்பொட்டு இருப்பதையும் கண்டவர்கள், இது பகைவரை ஏமாற்றும் தந்திரம் என்பர். உண்மைக் கண் மறைந்திருக்க, பொய்க் கண் பளிச்சிடுகிறது. தாக்க வரும் பெரிய மீன் வாலைத் தலையென மயங்கிப் பாய, இது எதிர்த்திசையிற் பாய்ந்து தப்பும். எம் தோட்டத்து வண்ணத்துப்பூச்சிகள் பலவற்றின் பின்சிறகிலும் இத்தகைய பொய்க் கண்கள் உள்ளன. பறவை கொத்திச் சிறகின் ஓரம் கிழிந்தபின்னும் உயிரோடு திரியும் பூச்சிகளை வாசகர்களும் கண்டிருப்பர்.

பகலெல்லாம் திரியும் இம்மீன்கள் இருள் சூழ்ந்ததும் கல்லிடுக்குகளில் ஒதுங்கி, நிறம் மங்கிப்போய்க் கிடக்கும். பல இனங்களில் ஆணும் பெண்ணும் சோடியாகச் சேர்ந்து ஆண்டுக்கணக்கில் பிரியாமல் வாழ்வதையும் ஆராய்ச்சியாளர் அவதானித்துள்ளனர். ஒரே கல், ஒரே எல்லை, ஒரே துணை. இவ்வளவு ஒழுக்கமான உயிருக்குத் திரிந்து திரிந்து பூத்தோறும் உண்ணும் பூச்சியின் பெயரை இட்டது பொருந்துமா என்று எம் இல்லத்தரசியார் கேட்டதையும் இங்கே பதிவு செய்துவிடுகிறோம்.

சுவீடன் நாட்டு அறிஞர் லின்னேயசு 1758 இல் இம்மீன்களுக்கு இட்ட விஞ்ஞானப் பெயரில் பூச்சியும் இல்லை, சிறகும் இல்லை. 'கீற்றோடொன்' என்ற அக்கிரேக்கச் சொல்லுக்கு மயிர்ப்பல் என்பதே பொருள். தூரிகையின் மயிர்போல் நுண்ணிய பற்கள் நெருங்கி வளர்ந்த வாயை அவர் கவனித்தார். உலகத்தார் நிறத்தைக் கண்டு ஒரு பெயர் வைத்தனர்; அவர் பல்லைக் கண்டு வேறொரு பெயர் வைத்தார். அந்தப் பல்லைப்பற்றி நாம் முன்னரே அறிந்திருந்தால் இரண்டு மீன்கள் வீணே இறந்திரா.

முப்பது ஆண்டுகளுக்கு முன் நாம் கொழும்பில் உத்தியோகம் பார்த்தபோது, கண்ணாடித் தொட்டியில் கடல்மீன் வளர்க்கும் ஆசை எம்மைப் பிடித்தது. கடையொன்றில் இந்த மஞ்சள் மீன்களின் சோடியைக் கண்டு, அம்மாதச் சம்பளத்தில் கணிசமான பங்கைக் கொடுத்து வாங்கி வந்தோம். என்ன உணவு கொடுப்பது என்று கேட்டதற்கு, எதையும் தின்னும் என்று விடை கிடைத்தது. அறைக்கு அழகு வந்தது. அயலவர் வந்து பார்த்தனர். மீன்கள் மட்டும் ஒன்றும் தின்னவில்லை. இறாலை நசுக்கிப் போட்டோம். மட்டிச் சதையை நறுக்கிப் போட்டோம். அவித்த முட்டையின் மஞ்சட் கருவையும் போட்டுப் பார்த்தோம். அவை அருகே வந்து, வாயில் எடுத்து, துப்பிவிட்டுத் தொட்டியின் அடியிற் கிடந்த வெறுங்கல்லைப் போய்க் கொத்தின. ஒன்பதாம் நாள் ஒன்று மிதந்தது. மற்றது அதன்பின் மூன்று நாள் இருந்தது. தொட்டி அறையை விட்டுப் போயிற்று.

அவை அந்தக் கல்லை ஏன் கொத்தின என்பது இப்போதுதான் எமக்குத் தெரியும். அது அவற்றின் இலை.

இதைச் சற்று விளக்க வேண்டும். முருகைக்கல் என்று நாம் சொல்வது உண்மையில் கல் மட்டுமன்று. அதன் மேற்பரப்பெங்கும் பூவைப் போன்ற மென்மையான சிற்றுயிர்கள் ஆயிரக்கணக்கில் ஒட்டி வாழ்கின்றன. அவையே சுண்ணாம்பைச் சுரந்து கல்லைக் கட்டுகின்றன. நாம் வாங்கிய இன மீனுக்கு அச்சிற்றுயிர்களின் தசையே ஊண், வேறெதுவும் இல்லை. மயிர்ப் பற்கள் அமைந்த சிறிய வாயால், பூக்கொய்வதுபோல் ஒவ்வொன்றாகக் கொத்தி எடுக்கும். ஒரு மணித்தியாலத்தில் நூற்றுக்கணக்கான முறை கொத்தும். ஆனால் ஓரிடத்திலேயே நின்று கொத்திக் கல்லைச் சாகவிடாது. கொத்திய இடம் மறுபடி வளரும். எல்லா வண்ணத்துப்பூச்சி மீன்களும் இப்படி என்று எண்ணிவிடலாகாது. நூலிழைத் துடுப்புள்ளது புழுவும் பாசியும் கிடைத்தாலும் உண்டு பிழைக்கும். அம்புத்தலை போன்ற கோடுகளை உடலில் உடைய மற்றோரினமோ மேசைபோல் படரும் ஒருவகை முருகையையே பெரிதும் நம்பி வாழ்கிறது. ஒரு மேசைக் கல்லைத் தனக்கென வைத்துக்கொண்டு, அயலாரை அண்டவிடாது.

எங்கள் வளவுத் தேசிமரத்தில் வந்து முட்டையிடும் வண்ணத்துப்பூச்சியை எண்ணிப் பாருங்கள். அதன் மயிர்க்கொட்டிக்குத் தேசியிலையோ கறிவேப்பிலையோ அதே குடும்பத்து வேறிலையோ வேண்டும். பக்கத்திலுள்ள முருங்கையைக் காட்டினால் பட்டினி கிடந்து சாகுமே ஒழிய வாய் வைக்காது. இலங்கையின் தேசிய வண்ணத்துப்பூச்சியாகக் கொள்ளப்படும் பெரிய மஞ்சட் சிறகிக்கு ஈசுரமூலிக் கொடி வேண்டும். கொடி இல்லாத காட்டில் பூச்சியும் இல்லை. நிறத்துக்காக இட்ட பெயர், இட்டவர் அறியாமலே, வயிற்றுக்கும் பொருந்திப் போயிற்று.

இனி, பேத்தியின் முதற் கேள்வி. சின்னனில் அது மயிர்க்கொட்டியாய் இருந்ததோ?

1868 இல், இலண்டன் மாநகரில் பணியாற்றிய மீனியல் அறிஞர் அல்பேட் குந்தர், கடலிற் பிடிக்கப்பட்ட விசித்திரமான குறுமீன் ஒன்றை ஆராய்ந்தார். அதன் தலை முழுவதும் எலும்புத் தகடுகளால் மூடியிருந்தது. தகடுகள் பின்னோக்கி நீண்டு, போர்வீரன் தலைக்கவசம் அணிந்ததுபோல் தோன்றின. இது தனியொரு மீன்வகை என்று கருதி, 'தோலிக்திசு' எனப் பெயருமிட்டார். பின்னர்தான் உண்மை புலனாயிற்று. அது வேறு மீனன்று. வண்ணத்துப்பூச்சி மீனின் குழந்தை. இம்மீன்கள் அந்தி நேரத்தில் முட்டைகளை நீரிலே விட்டுவிடுகின்றன. முட்டை பொரித்து வரும் குஞ்சு, பெற்றோரைக் காணாமலே, நீரோட்டத்தோடு திறந்த கடலில் வாரக்கணக்கில் அலைகிறது. அக்காலத்தில்தான் இந்தக் கவசம். பின்பு ஓர் இரவில் முருகைப்பாரை வந்தடைந்து, கவசத் தகடுகள் மறைய, நிறமும் கோடும் பெற்று உருமாறுகிறது. மயிர்க்கொட்டி இல்லைத்தான், ஆயினும் கேட்டவள் வெகுதூரம் தவறிவிடவில்லை.

வண்ணத்துப்பூச்சியின் பெயரைச் சுமந்து திரியும் வேறு உயிர்களும் உலகில் உண்டு. அவற்றுட் சிலவற்றுக்குப் பெயர் அலங்காரம், சிலவற்றுக்குப் பொருத்தம், ஒன்றுக்கு வெறும் ஏமாற்று.

ஏமாற்றை முதலிற் கூறுவோம். நாம் சிங்கமீன் என அழைக்கும் முள்மீனை அவுஸ்திரேலியாவில் வண்ணத்துப்பூச்சி மீன் என்ற பொருளிலும் வழங்குவர். செந்நிற வரிகள் ஓடும் அகன்ற துடுப்புகளை விரித்து அது மெல்ல அசையும்போது, தொட்டுப் பார்க்கக் கை துடிக்கும். தொட்டவர் அன்றிரவு உறங்கார். முதுகில் 13, அடியில் 5 என 18 நச்சு முட்கள். (குத்திவிட்டால், பொறுக்கத்தக்க சூடான நீரிற் காயத்தை அமிழ்த்தி வைத்துக்கொண்டு வைத்தியசாலைக்குச் செல்க.) இம்மீனின் ஓரினத்திற்கு இலங்கைத் தொடர்பொன்று உண்டு. இங்கே பணிபுரிந்த ஜோன் விற்சேர்ச் பெனற் என்ற ஆங்கிலேயர், இலங்கைக் கரையோர மீன்களை உயிர் நிறத்தோடு தீட்டுவித்து, 1828 முதல் பகுதி பகுதியாக வெளியிட்டு, 1830 இல் 30 வண்ணப் படங்கள் கொண்ட நூலாக்கினார். அவர் இதற்கு இட்ட பெயர் 'மிலெசு', இலத்தீனில் போர்வீரன். பெனற்றின் கண் பிழைக்கவில்லை என்றே சொல்வோம். 1985 இல் அமெரிக்காவின் புளோறிடாக் கரையில் முதன்முதல் காணப்பட்ட சிங்கமீன், வளர்ப்புத் தொட்டிகளிலிருந்து தப்பியதாகவோ விடப்பட்டதாகவோ கருதப்படுகிறது. அங்கிருந்து கரீபியன் கடல் முழுவதும் பெருகி, அந்நாட்டுக் குறுமீன்களை விழுங்கித் தீர்க்கிறது. பெனற் பெயரிட்ட இனமோ சுயஸ் கால்வாய் வழியாகச் சென்று, 2012 இன் பின் மத்தியதரைக் கடலின் கீழ்ப்பகுதியிலும் பரவிவிட்டது. வண்ணத்துப்பூச்சி செய்யும் வேலையா இது?

பெயர் ஏமாற்றியது போலவே புகழும் இடம் மாறிப் போன கதை ஒன்று உண்டு. செப்பு நிறப் பட்டைகளும் நீண்ட அலகும் கொண்ட வண்ணத்துப்பூச்சி மீன் ஒன்று கீழைத் தேசக் கடல்களில் வாழ்கிறது. அலகு எதற்கென்றால், கல்லிடுக்கிலுள்ள புழுக்களை எடுப்பதற்கு. 1764 இல் இலண்டன் றோயல் சங்கத்தின் ஏட்டில் சுலோசர் என்ற வைத்தியர் வெளியிட்ட செய்தி வேறு கூறிற்று. கரையிலுள்ள செடிகளில் இருக்கும் பூச்சிகளை வாயால் நீரைப் பீச்சி வீழ்த்தும் மீன் இதுவே என்றும், பத்தாவியா நகரத்து வைத்தியசாலை அதிபர் ஒருவர் அதைக் கண்ணாற் கண்டார் என்றும் எழுதப்பட்டிருந்தது. பத்தாவியா இன்றைய ஜகார்த்தா. கண்டது உண்மை, ஆனால் இலண்டனுக்கு அனுப்பப்பட்ட மீன் வேறு. நீரைப் பீச்சுவது ஆற்றுமுகங்களில் வாழும் மற்றொரு மீன். இரண்டே ஆண்டுகளில் சரியான மீனும் வந்து சேர்ந்தது. எனினும் ஏட்டில் ஏறிய பிழை எளிதில் இறங்குமா? அலகு நீண்ட இந்த அப்பாவி, தான் செய்யாத வேட்டைக்காக நெடுங்காலம் பாராட்டுப் பெற்றது.

ஆபிரிக்காவின் மேற்குப் பகுதி ஆறுகளில் ஒரு நன்னீர் வண்ணத்துப்பூச்சி மீன் உள்ளது. முன்னதற்கும் இதற்கும் உறவே இல்லை. நீரின் மேற்பரப்பில் ஒட்டினாற்போல் மிதந்து, சிறகு போன்ற துடுப்புகளை விரித்துக் காத்திருந்து, விழும் பூச்சிகளை விழுங்கும். பெயரிலே பூச்சி, உணவிலும் பூச்சி.

எம் கடலிலேயே வண்ணத்துப்பூச்சித் திருக்கை உண்டு. சாதாரணத் திருக்கைக்கு உடலினும் வால் நீளம். இதற்கோ வால் கறுப்பும் வெள்ளையுமான சிறு குச்சி. உடல் மட்டும் நீளத்தைப் பார்க்கிலும் அகலமாக, இரு புறமும் சிறகாய் விரிந்திருக்கும். மணலிற் புதைந்து கிடந்துவிட்டு எழும்போது விரித்த சால்வையொன்று தானே எழுந்து போவதுபோல் இருக்கும் என்று மன்னார்ப் பக்கத்து நண்பர் ஒருவர் எமக்குச் சொன்னார். முட்டையிடாது, குட்டி ஈனும். ஈனுவது சிலவே. இழுவலைகளில் அகப்படுவதோ பல. ஆகவே இதுவும் இப்போது உலக ஆபத்துப் பட்டியலில் இடம்பெற்றுவிட்டது.

தரையில் வாழ்வனவற்றுள் தாய்லாந்து, வியட்நாம் பகுதிகளின் வண்ணத்துப்பூச்சி ஓணானைச் சொல்லாமல் விட மனமில்லை. வெயில் காயும்போது விலாவெலும்புகளை விரித்து உடலைத் தட்டையாக்கினால், இரு பக்கமும் செம்மஞ்சளும் கறுப்புமான கோலங்கள் சிறகுபோல் தெரியும். அந்நாட்டவர் அதைச் சமைத்து உண்பர். வியட்நாமில் ஓர் உணவுச்சாலையின் கூட்டில் கிடந்த ஓணான்கள் யாவும் ஒன்றுபோலவே இருப்பதை அந்நாட்டு விஞ்ஞானி ஒருவர் கவனித்து, அமெரிக்காவிலிருந்த கிறிஸ்மர் என்ற தந்தை மகன் இருவருக்கும் அறிவித்தார். தமக்காகச் சிலவற்றை ஒதுக்கி வைக்கும்படி சொல்லிவிட்டு அவர்கள் பறந்து வந்தனர். வந்து சேர்ந்தபோது கடைக்காரர் குடிமயக்கத்தில் அனைத்தையும் விருந்தினருக்குப் பரிமாறிவிட்டிருந்தார்! வேறிடங்களில் தேடிப் பெற்று ஆராய்ந்ததில், அவ்வினத்தில் ஆணே கிடையாது. பெண்கள் தம்மையே படியெடுத்ததுபோல் பெண்களை ஈன்று வருகின்றன என்று தெரிந்தது. 2010 இல் அதற்குப் புதிய பெயர் சூட்டினர்.

ஆபிரிக்காவில் வண்ணத்துப்பூச்சி வௌவால்கள் உள்ளன. ஆனால் அப்பெயருக்கு அவற்றிலும் உரியது எம் நாட்டு வௌவால் ஒன்று என்பது எம் கருத்து. செம்மஞ்சள் உடலும், அதே நிறமும் கறுப்பும் கலந்த சிறகும் கொண்ட கைவிரலளவு உயிர் அது. காய்ந்து தொங்கும் வாழையிலைச் சுருளுக்குள் பகலில் உறங்கும். கலைத்தால் அந்துப்பூச்சிபோல் படபடத்துப் பறக்கும். அதன் விஞ்ஞானப் பெயரான 'கெரிவூலா' என்பதே வாழை வௌவால் எனப் பொருள்படும் சிங்களச் சொல்லின் திரிபு. அழகு அதற்கும் நன்மை செய்யவில்லை. ஆசிய நாடுகளிற் பிடித்து உலர்த்தி, கண்ணாடிச் சட்டத்துள் வைத்து, சுவரில் மாட்டும் பொருளாக மேனாடுகளில் விற்றிருக்கிறார்கள்.

செவிகள் சிறகுபோல் விரிந்த சிறு நாய்க்குப் பிரெஞ்சு மக்கள் 'பப்பியோன்', அதாவது வண்ணத்துப்பூச்சி என்றே பெயர் வைத்தனர். அதே நாய்க்குச் செவி மடிந்து தொங்கினால் அந்துப்பூச்சி என்பார்கள். இதற்கு மேல் அதைப்பற்றிச் சொல்ல ஒன்றுமில்லை.

சிறகுக்காக மட்டும் அப்பெயரைப் பெற உண்மையான உரிமை யாருக்கு என்று எம்மைக் கேட்டால், கடல் வண்ணத்துப்பூச்சிக்கே என்போம். இது மீனன்று, நத்தை. நிலத்து நத்தை ஊர்வதற்குப் பயன்படுத்தும் பாதம், இதற்கு இரு சிறகுகளாய்ப் பிரிந்துவிட்டது. கடுகிலிருந்து பயறு வரையான பருமனுடைய இவை திறந்த கடல்களிற் கூட்டங் கூட்டமாய் மிதக்கின்றன. இவற்றுள் குளிர்கடல் இனமொன்றை அதிவேகப் படக்கருவியால் ஆராய்ந்தவர்கள், அது துடுப்பு வலிப்பதுபோல் நீந்தவில்லை, எட்டு வடிவிற் சிறகை அசைத்துப் பூச்சி பறக்கும் முறையிலேயே நீருக்குள் பறக்கிறது என்று 2016 இல் அறிவித்தனர்! மீனும் திமிங்கிலமும் இவற்றை உண்கின்றன. இவற்றின் ஓடு மிக மெல்லிய சுண்ணாம்பு. நாம் எரிக்கும் நிலக்கரியினதும் எண்ணெயினதும் புகையில் ஒரு பங்கு கடலிற் கரைந்து, நீரின் அமிலத்தன்மையைக் கூட்டி வருகிறது. தென்சமுத்திரத்தில் அள்ளிய நத்தைகளின் ஓடுகள் உயிரோடிருக்கையிலேயே கரையத் தொடங்கியிருந்தன என்பது 2012 இல் வெளியான செய்தி.

அதே புகை நீரைச் சூடாக்கியும் வருகிறது. அச்சூடே எம்மை மீண்டும் முருகைப்பாருக்கு இட்டுச் செல்கிறது. கோடையின் உச்ச வெப்பத்துக்கு மேல் ஒரு பாகை மட்டும் கூடி, அது சில வாரம் நீடித்தாற் போதும். தம் தசைக்குள் இருந்து உணவூட்டும் நுண்பாசிகளை முருகையுயிர்கள் வெளியேற்றிவிடுகின்றன. கல் வெளிறிப் போகும். நீர் விரைவில் குளிர்ந்தால் மீளும். குளிராவிட்டால் பட்டினியால் இறக்கும். 1998 இல் இவ்வாறு ஹிக்கடுவையிலும் கற்பிட்டிக்கு அப்பாலுள்ள பாரிலும் ஆழங்குறைந்த இடங்களின் முருகைகள் பெரும்பாலும் மாண்டன. ஹிக்கடுவை 1979 முதல் பாதுகாக்கப்பட்ட இடம். ஆயினும் வர்த்தமானி அறிவித்தலைச் சூடு வாசிப்பதில்லை. திருகோணமலைக் கற்கள் அம்முறை தப்பின. கற்பிட்டிப் பார் பின்னர் வியக்கத்தக்க விதமாகத் தளிர்த்து வந்தது. 2016 இல் மறுபடி வெந்தது. 2024 சித்திரையில், உலகளாவிய நான்காவது வெளிறல் நடைபெறுகிறது என்று விஞ்ஞானிகள் அறிவித்தனர்.

முருகையையே உண்ணும் மீன் இச்சமயங்களில் என்ன செய்யும்? வேறு கல்லைத் தேடும். கிடைக்காவிட்டால் மெலிந்து குறையும். ஹவாய்ப் பல்கலைக்கழகத்து எர்னெஸ்ற் றீஸ் என்பவர் 1981 இலேயே ஒரு யோசனை கூறினார். பாரின் உடல்நலத்தை அறிய இம்மீன்களை எண்ணினாற் போதும் என்பது அது. கருவி வேண்டியதில்லை, கண் இருந்தாற் போதும். 2016 ஆம் ஆண்டு வெளிறலுக்கு முன்னும் பின்னும் ஆசியக் கடல்களின் 17 பார்களில் 38 இன வண்ணத்துப்பூச்சி மீன்களைக் கண்காணித்தவர்கள் மற்றொன்றைக் கண்டனர். தொகை குறையுமுன்பே மீன்களின் குணம் மாறிவிட்டது. எல்லைக்காக ஒன்றையொன்று விரட்டிக்கொண்டிருந்தவை, சண்டையை மூன்றிலொரு பங்காகக் குறைத்துக்கொண்டன. சமாதானமன்று, பசியில் விரட்டுவதற்குப் பலமில்லை.

கடையிலிருந்து மீன் வாங்குவோருக்கு ஒரு வார்த்தை. இவற்றுட் சில இனங்களின் ஏற்றுமதிக்கு எம் நாட்டில் தடையும் கட்டுப்பாடும் உண்டு. உள்ளூரில் வாங்குவதாயின், எம்மைப் போல விலையை மட்டும் கேட்காமல், அது தின்பதைக் கடையிலேயே கண்ணாற் கண்டபின் வாங்குக. முருகையை மட்டும் தின்பதை எவ்விலைக்கும் வாங்க வேண்டாம்.

புறாத்தீவில் அன்று நண்பகல் வரை இருந்தோம். 1963 இல் சரணாலயமாகவும் 2003 இல் தேசிய வனமாகவும் அறிவிக்கப்பட்ட இடமாயினும், விடுமுறை நாட்களில் வரும் பிரயாணிகள் ஆழங்குறைந்த கற்களின் மேலேயே ஏறி நிற்கின்றனர். கால் பட்ட கிளை ஒடிகிறது. படகுக்காரத் தம்பி இரண்டு மூன்று பேரைக் கூப்பிட்டுச் சொல்லிப் பார்த்தார். ஒருவர் மட்டும் இறங்கினார்.

"கல்லுச் செத்தால் மீன் நிக்காது, ஐயா" என்றார் அவர். "அப்பாவின்ர காலத்தில இந்தப் பக்கம் படகை விட்டாலே கீழே மஞ்சளாய்த் தெரியுமாம். இப்ப தேடித்தான் பாக்க வேணும்."

பேத்தி தேடித்தான் பார்த்தாள். தீவின் ஒரு பக்கத்தில் மட்டும், ஒரு முறை போய் மீண்டும் வந்து, மஞ்சள் மீன்களை எண்ணினாள். கரையேறியதும் ஈரக் கையோடு எம் குறிப்புப் புத்தகத்தை வாங்கி, 13 என்று எழுதினாள். பின்பு எழுதியதையே பார்த்துக்கொண்டிருந்துவிட்டு, "சோடி சோடியாய்த்தானே இருக்கும் எண்டு சொன்னீங்கள்? இது ஒற்றை எண்" என்றாள்.

"ஒன்றை எண்ணாமல் விட்டிருப்பாய்" என்றோம்.

அவள் ஒப்புக்கொள்ளவில்லை. மூச்சுக்குழாயை எடுத்துக்கொண்டு, மறுபடி நீருக்குட் போனாள்.